திருத்தத்துக்கு ஒரு கை, தீர்மானத்துக்கு ஒரு கை

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் குமாஸ்தாவாக இருந்த காலத்தில், ஆண்டுப் பொதுக்கூட்டக் குறிப்பெழுதும் வேலை என் தலையில் விழுந்தது. ஒரு முறை, பள்ளி இறுதித் தேர்வான எஸ்.பி.எம். எழுதும் உறுப்பினர் பிள்ளைகளுக்குத் தலைக்கு 300 வெள்ளி (ரிங்கிட்) வழங்கலாம் என்று தீர்மானம் வந்தது. பின்வரிசைப் பெரியவர் ஒருவர் எழுந்தார். "300 வெள்ளியில் இந்தக் காலத்தில் என்ன வாங்க முடியும், தலைவரே? 500 என்று திருத்துங்கள்." வழிமொழிந்தார்கள். கைகள் உயர்ந்தன. தலைவர் "நிறைவேறியது" என்றார். கேசரியும் தேநீரும் வந்துவிட்டன. நானும் 'தீர்மானம் ஏகமனதாக நிறைவேறியது' என்று எழுதி நோட்டை மூடினேன்.

மறுவாரம் ஓர் அம்மா அலுவலகத்துக்கு வந்தார். "தம்பி, கொடுத்தே ஆக வேண்டுமென்றால் 500 ஆகக் கொடுங்கள் என்றுதான் கை தூக்கினேன். கொடுக்கலாமா என்று என்னை யார் கேட்டது?"

யாரும் கேட்கவில்லைதான். திருத்தம் நிறைவேறினால் மாறுவது வாசகம் மட்டுமே. திருத்திய தீர்மானத்துக்குத் தனியே வாக்கெடுக்க வேண்டும். அது நடக்கவே இல்லை. நடக்காததை ஏகமனதாக நடந்ததென்று எழுதியவன் நான். பணப் பட்டுவாடாவை நிறுத்தி, விஷயத்தை அடுத்த கூட்டத்துக்குத் தள்ளினார்கள்.

இடையில், கூட்டம் நடத்தும் முறையைச் சொல்லும் ராபர்ட் விதிகளைத் தேடிப் படித்தேன். ஹென்றி மார்ட்டின் ராபர்ட் அமெரிக்க ராணுவப் பொறியாளர். ஒரு தேவாலயக் கூட்டத்துக்குத் தலைமை தாங்கித் திணறியவர், 1876இல் இந்த நூலை வெளியிட்டார். எங்கள் தலைவர்மேல் இருந்த எரிச்சல் அதைப் படித்ததும் பாதி இறங்கியது.

அந்த விதிகளின்படி, திருத்தத்தில் சொல்லைச் சேர்க்கலாம், நீக்கலாம், எடுத்துவிட்டு வேறொன்றை வைக்கலாம். திருத்தத்துக்கும் திருத்தம் உண்டு. அதற்குமேல் கிளை விடாது. பொருளோடு ஒட்டாததை நுழைக்க முடியாது. 'வழங்கலாம்' என்பதை 'வழங்கக் கூடாது' என்று மாற்றுவதும் திருத்தமாகாது. வேண்டாதவர் எதிர்த்து வாக்களித்தால் போதுமே! ஆனால் தொகையை 5,000 ஆக்கித் தீர்மானத்தையே கவிழ்க்கப் பார்க்கும் குறும்புக்குத் தடையில்லை. அடுத்த கூட்டத்தில் கடைக்காரர் ஒருவர் அதைச் செய்தும் பார்த்தார். கணக்கு தெரிந்த மனிதர். நான்கு கைகள்தான் கிடைத்தன.

பிறகு 500 வந்தது, நிறைவேறியது. தலைவர் தேநீர்ப் பக்கம் திரும்புமுன் துண்டுச் சீட்டை நீட்டினேன். திருத்திய வாசகத்தை முழுதாகப் படித்துவிட்டு, "இப்போது தீர்மானத்துக்கு" என்றார். எதிர்ப்புக்கு அந்த அம்மாவின் கை மட்டும் உயர்ந்தது. இறக்காமலே என் பக்கம் பார்த்தார்.

"எழுதிக்கொண்டாயா, தம்பி?"