ஒற்றைப் பெயர்க்காரருக்கு ஸ்டேட் ஐடி: கேட்காத காகிதத்தை நீட்டாதீர்கள்

அம்மாவின் ஸ்டேட் ஐடி, அதாவது மாநில அரசு கொடுக்கும் போட்டோ அடையாள அட்டை, ஒருவழியாகத் தபாலில் வந்துவிட்டது. ஆறப்போட்டால் பாதி மறந்துபோகும், கோபமும் தணிந்துவிடும். அதனால் சூட்டோடு எழுதிவிடுகிறேன். பெற்றோரைக் கிரீன் கார்டில் அமெரிக்காவுக்கு அழைத்துவந்தவர்கள், அதிலும் பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயரோடு வந்த நம்ம ஊர் அப்பா அம்மாக்களை வைத்திருப்பவர்கள், ஐடி வாங்கும் அலுவலகத்துக்குக் கிளம்பும் முன் படித்துவிடுங்கள்.

"கார் ஓட்டாத அத்தைக்கு எதுக்கு இதெல்லாம்?" என்று என் கணவரே கேட்டார். பார்மசியில் மருந்து வாங்கப் போனால் போட்டோ ஐடி. வங்கியில் ஐடி. ஆஸ்பத்திரி முன்பதிவு மேஜையில் ஐடி. ஒவ்வொரு முறையும் அம்மா பாஸ்போர்ட்டை மஞ்சள் பையிலிருந்து எடுப்பதும் திரும்ப வைப்பதும் பார்த்து எனக்குத்தான் வயிற்றைக் கலக்கும். கிரீன் கார்டைக் கையில் வைத்திருக்க வேண்டும் என்பது 18 வயது கடந்தவர்களுக்குச் சட்டம், சரி. ஆனால் கடை கடையாக அதை நீட்டிக்கொண்டிருந்தால் என்றைக்காவது ஒருநாள் கவுண்டரிலேயே விட்டுவிட்டு வருவார்கள். தொலைந்தால் மாற்று அட்டைக்கு ஐ-90 படிவம், ஆன்லைனில் போட்டால் 415 டாலர், காகிதத்தில் 465 டாலர், அப்புறம் மாதக்கணக்கில் காத்திருப்பு. ஸ்டேட் ஐடிக்கு ஆகும் செலவு இதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை. கட்டணம் மாநிலத்துக்கு மாநிலம் மாறும். கலிபோர்னியாவில் 62 வயது ஆனவர்களுக்கு அதுகூட இல்லை, இலவசம்.

ரியல் ஐடியா, சாதாரண ஐடியா என்ற குழப்பம் எங்களுக்கும் இருந்தது. ரியல் ஐடி என்பது ஃபெடரல் அரசின், அதாவது மத்திய அரசின், விதிப்படி மாநிலம் கொடுக்கும் நட்சத்திரக் குறி போட்ட அட்டை. 2005ல் வந்த சட்டம், தள்ளித் தள்ளிப் போய் 2025 மே 7 முதல்தான் விமான நிலையங்களில் அமலுக்கு வந்தது. உள்நாட்டு விமானம் ஏற வெளிநாட்டுப் பாஸ்போர்ட்டோ கிரீன் கார்டோ காட்டினாலும் போதும் என்பதால் அம்மாவுக்கு நட்சத்திரம் போட்ட அட்டை கட்டாயம் இல்லை. பாதுகாப்புச் சோதனை வரிசையில் பாஸ்போர்ட்டைத் திறக்காமல் இருக்கலாமே என்று ரியல் ஐடியே கேட்டோம். ஒன்று கவனியுங்கள்: ஒருவர் ஒரே ஒரு ரியல் ஐடி அட்டைதான் வைத்திருக்கலாம். அப்பாவிடம் ஏற்கெனவே நட்சத்திரம் போட்ட லைசென்ஸ் இருந்தால் அவருக்கு இன்னொரு ஐடி கார்டுக்கு அலைய வேண்டாம்.

ஆன்லைனில் அப்பாயிண்ட்மென்ட் எடுத்தோம். அதில் சொல்ல ஒன்றுமில்லை, அதிகாலையில் பார்த்தால் யாராவது ரத்து செய்த இடம் கிடைக்கும் என்பதைத் தவிர.

முதல் முறை போனபோது கவுண்டரில் இருந்த பெண்மணி நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. கிரீன் கார்டு, சோசியல் செக்யூரிட்டி கார்டு (வரிக்கும் ஓய்வூதியத்துக்கும் அரசு கொடுக்கும் எண் உள்ள அட்டை), வீட்டு முகவரிக்கு இரண்டு காகிதங்கள் கொடுத்தேன். "பாஸ்போர்ட்?" என்றார். மாநிலத்தின் ஆவணப் பட்டியலில் அப்படிக் கட்டாயமென்று இல்லையே என்றேன். "எனக்குப் பார்க்க வேண்டும்" என்றார். கொடுத்தேன். அங்கேதான் ஆரம்பித்தது ஏழரை.

அம்மாவின் பெயர் சு. கோமதி. ஊரில் அவ்வளவுதான், அதற்கு மேல் யாரும் கேட்டதில்லை. பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயருக்கான இடம் வெறுமையாக இருக்கும், கொடுக்கப்பட்ட பெயர் இடத்தில் கோமதி. அமெரிக்க விசா அடிக்கும்போது குடும்பப் பெயர் காலியாக இருக்கக் கூடாது என்பதால், கோமதியைக் குடும்பப் பெயராக ஏற்றிவிட்டு, முதற்பெயர் இடத்தில் எஃப்என்யூ (FNU) என்று போட்டுவிடுவார்கள்; முதற்பெயர் தெரியவில்லை என்று அர்த்தம். அதுவே கிரீன் கார்டிலும் வந்தது, சோசியல் செக்யூரிட்டி கார்டிலும் வந்தது. இந்தப் பெயர்க் கூத்தைத் தெரிந்த தமிழர்கள் வீட்டுக்கு ஒருவராவது இருப்பார்கள். அந்தப் பெண்மணிக்குத் தெரியவில்லை. பாஸ்போர்ட்டை ஒரு கையில், கிரீன் கார்டை இன்னொரு கையில் பிடித்துக்கொண்டு, "இது வேறு ஆள், அது வேறு ஆள். பெயர் மாற்றியதற்கான கோர்ட் ஆர்டர் அல்லது திருமணச் சான்றிதழ் கொண்டுவாருங்கள்" என்றார். பெயரே மாற்றவில்லை, மாற்றாத பெயருக்கு ஏது கோர்ட் ஆர்டர் என்று கேட்டேன். "அப்படியானால் பிறப்புச் சான்றிதழ்" என்றார். சங்கரன்கோவிலுக்குப் பக்கத்தில் வீட்டிலேயே பிறந்தவளுக்குப் பிறப்புச் சான்றிதழ்!

அத்தோடு விடவில்லை. முகவரிக்கு நான் கொடுத்தவை, அம்மாவும் நானும் சேர்ந்து வைத்திருக்கும் கணக்கின் வங்கி அறிக்கை ஒன்று, அதே வங்கியின் சேமிப்புக் கணக்கு அறிக்கை ஒன்று. ஒரே நிறுவனத்திலிருந்து வந்த இரண்டும் ஒன்றாகத்தான் கணக்காகும் என்று ஒன்றைத் திருப்பித் தள்ளினார். அது நியாயம்தான், பல மாநிலங்களில் அப்படித்தான். எங்கள் பட்டியலில் அது பொடி எழுத்தில் ஒளிந்திருந்தது. ஆனால் மற்றதிலும் ஒரு குறை கண்டுபிடித்தார் பாருங்கள்: தெரு எண் இருக்கிறது, அபார்ட்மென்ட் எண் இல்லையாம். அதே முகவரிக்குத்தான் வங்கி மாதாமாதம் தபால் அனுப்புகிறது. சொல்லிப் பார்த்தேன். "அடுத்தவர்" என்று விளக்கைத் தட்டிவிட்டார்.

காரில் வரும்போது அம்மா கேட்டாள். "ஏட்டி, அந்தப் பொம்பள ஃப்னூ ஃப்னூன்னு யாரக் கூப்டா?"

"ஒன்னத்தாம்மா."

"என்னத்துக்கு நான் ஃப்னூ?"

அன்று இரவு உட்கார்ந்து ரியல் ஐடிக்கான ஃபெடரல் விதிமுறையையே தேடிப் படித்தேன். யாருக்காவது உதவும் என்று சுருக்கமாகச் சொல்கிறேன். ஆள் யார் என்பதற்கு, அவர்கள் பட்டியலில் உள்ள ஆவணங்களில் ஏதாவது ஒன்று போதும். காலாவதியாகாத கிரீன் கார்டு அந்தப் பட்டியலில் தனியாகவே இருக்கிறது. பிறந்த தேதிக்கும், சட்டப்படி இங்கே இருக்கிறார் என்பதற்கும் அதுவே ஆதாரம். அப்புறம் சோசியல் செக்யூரிட்டி எண், அதை அவர்களே கம்ப்யூட்டரில் சரிபார்த்துக்கொள்வார்கள். கடைசியாக, குடியிருக்கும் முகவரிக்கு இரண்டு ஆவணங்கள். கிரீன் கார்டுக்காரருக்கு அந்த வரிசையில் எங்கேயும் பாஸ்போர்ட் கூடச் சேர்ந்து வேண்டும் என்று இல்லை, பிறப்புச் சான்றிதழும் இல்லை. எங்கள் மாநிலத்தின் பட்டியலும் அதையேதான் சொல்கிறது, "இவற்றுள் ஏதாவது ஒன்று" என்று. அந்த வரியை மஞ்சள் மார்க்கரால் தீட்டி அச்செடுத்து வைத்துக்கொண்டேன்.

முகவரிக்கு இரண்டாவது காகிதம் வீட்டிலேயே இருந்தது. கிரீன் கார்டு வரும் முன்னால் குடிவரவுத் துறையிலிருந்து ஒரு வரவேற்புக் கடிதம் வருமே, அது. அம்மா பெயர், அபார்ட்மென்ட் எண் உட்பட முழு முகவரி, ஃபெடரல் அரசின் தலைப்பு, எல்லாம் அதில் உண்டு. அந்த மாதிரி அரசாங்கக் கடிதம் எது வந்தாலும் தூக்கி எறியாதீர்கள். வங்கியில் போன் செய்து முகவரியில் அபார்ட்மென்ட் எண்ணைச் சேர்க்கச் சொல்லி, அடுத்த மாத அறிக்கை வரும்வரை காத்திருந்தேன். பெற்றோர் பெயரில் எதுவுமே இல்லாத வீடுகளில், வந்த வாரமே ஒரு வங்கிக் கணக்கு திறந்துவிடுங்கள். மின்சார பில்லும் போன் பில்லும் பிள்ளைகள் பெயரில் இருந்தால் அவர்களுக்கு உதவாது. உறவினரோ வீட்டுக்காரரோ கூட வந்து கையெழுத்திடும் உறுதிமொழிப் படிவம் சில மாநிலங்களில் உண்டு, உறவை நிரூபிக்கும் காகிதமும் சேர்த்துக் கேட்பார்கள். அது கடைசி வழி.

அடுத்த முறை பாஸ்போர்ட்டை வேண்டுமென்றே காரிலேயே வைத்துவிட்டுப் போனோம். இந்தத் தடவை ஓர் இளைஞன். அவனும் பாஸ்போர்ட் கேட்டான். இல்லை என்றேன், மஞ்சள் தீட்டிய தாளை நகர்த்தினேன். படித்தான், மேலதிகாரியைக் கூப்பிட்டான். அந்த அம்மாள் மூக்குக்கண்ணாடியை இறக்கிப் பார்த்துவிட்டு, "கிரீன் கார்டும் சோசியலும் ஒத்துப்போகிறதா? பிறகென்ன?" என்று போய்விட்டார். அவ்வளவுதான்! ஒருவர் வேலையை ஒழுங்காகத் தெரிந்துவைத்திருந்தால் ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. கவுண்டரில் முடியாது என்றால் வாக்குவாதம் செய்யாமல், மேலதிகாரியைப் பார்க்க முடியுமா என்று மட்டும் கேளுங்கள். முதல் தடவையே நான் கேட்டிருந்தாலும் அந்தப் பெண்மணி கூப்பிட்டிருப்பாரா என்பது வேறு விஷயம்.

இனி சொல்லப்போவதைத்தான் தயவுசெய்து மனதில் வையுங்கள்.

கேள்விகள் சரசரவென்று வந்தன. உயரம், எடை, கண் நிறம். "கருப்பு" என்றாள் அம்மா, அவன் பிரவுன் என்று தட்டினான். உறுப்பு தானம் செய்ய விருப்பமா? அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியும், ஆனால் இந்த வேகத்தில் வராது. புரியாத கேள்விக்கெல்லாம் மரியாதைக்கு "யெஸ்" சொல்லித் தலையாட்டுவாள். அதே மூச்சில், அதே குரலில், அடுத்த கேள்வி: வாக்காளராகப் பதிவு செய்ய விருப்பமா? அம்மாவின் தலை ஆடத் தொடங்கிவிட்டது. நான் பாய்ந்து "நோ" என்றேன், அந்த வரிசையே திரும்பிப் பார்த்தது.

1993ல் வந்த ஒரு ஃபெடரல் சட்டத்தின்படி பெரும்பாலான மாநிலங்களில் லைசென்ஸ், ஐடி விண்ணப்பத்தோடு வாக்காளர் பதிவையும் சேர்த்துக் கேட்பார்கள். கையில் கிரீன் கார்டு இருப்பதைப் பார்த்துக்கொண்டே கேட்பார்கள், திரையில் வருவதை வாசிப்பது அவர்கள் பழக்கம். குடியுரிமை இல்லாதவர் அதில் ஆம் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டால் அமெரிக்கக் குடிமகன் என்று பொய் சொன்னதாக ஆகும். நாடு கடத்தும் அளவுக்குப் போகக்கூடிய விஷயம் அது. பிற்பாடு குடியுரிமைக்கு விண்ணப்பிக்கும் படிவத்திலும், எப்போதாவது வாக்காளராகப் பதிவு செய்தீர்களா என்று கேட்கிறார்கள். பெற்றோரைத் தனியாகக் கவுண்டருக்கு அனுப்பாதீர்கள். அனுப்பித்தான் ஆக வேண்டும் என்றால் இந்த ஒரு கேள்வியை வீட்டிலேயே பத்துத் தடவை ஒத்திகை பாருங்கள். கையெழுத்துப் போடும் முன் திரையில் அந்தக் கட்டம் எப்படி இருக்கிறது என்று நாமே ஒருமுறை பார்ப்பது இன்னும் நல்லது.

கையெழுத்து என்றதும் ஒன்று. அம்மா எப்போதும் தமிழில்தான் போடுவாள். பாஸ்போர்ட்டிலும் அப்படித்தான். அந்தக் கண்ணாடித் தட்டில் பிளாஸ்டிக் குச்சியால் "சு. கோமதி" என்று சுழித்து எழுதியதும் அந்த இளைஞன் திரையையே பார்த்துக்கொண்டிருந்தான். இங்கிலீஷில் போடச் சொல்வானோ என்று நினைத்தேன். "அழகாக இருக்கிறது" என்று சொல்லி அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டான். எஃப்என்யூ என்று அச்சடித்த அட்டையில் அவள் உண்மையான பெயர் இருப்பது அந்த ஓர் இடத்தில்தான், இனிஷியல் உட்பட.

பணம் கட்டினோம், போட்டோ எடுத்தார்கள், தற்காலிகக் காகிதம் கொடுத்தார்கள். அந்தக் காகிதத்தை எங்கள் வங்கி ஐடியாக ஏற்கவில்லை, அதனால் அதை நம்பி எந்த வேலையும் வைத்துக்கொள்ளாதீர்கள். அட்டை உடனே வரவில்லை. மாநிலங்கள் சேவ் என்ற ஃபெடரல் தளம் வழியாகத்தான் நம் குடிவரவு நிலையைச் சரிபார்க்கின்றன. பெயர் தகராறு இருந்தால் அது தானாகப் பதில் சொல்லாமல் ஆள் பார்க்கும் வரிசைக்குத் தள்ளிவிடும். எங்களுக்கும் தள்ளியது. அந்தத் தளத்தில் கேஸ்செக் என்ற பக்கம் இருக்கிறது. கேஸ் எண்ணும் பிறந்த தேதியும் போட்டால் நிலவரம் தெரியும். அலுவலகத்துக்குப் போன் செய்து மணிக்கணக்கில் பாட்டுக் கேட்பதைவிட அது மேல். புதிதாக வந்தவர்கள் விமானம் இறங்கிய மறுநாளே ஓடவும் வேண்டாம், விவரங்கள் கம்ப்யூட்டரில் ஏறச் சில வாரம் கொடுங்கள்.

ஹெச்-4 (ஹெச்-1பி வேலை விசாக்காரரின் துணைக்கும் பிள்ளைகளுக்கும் கொடுப்பது) போன்ற விசாவில் இருப்பவர்களுக்கு நான் சொன்ன தந்திரம் செல்லாது. அவர்கள் பெரும்பாலும் பாஸ்போர்ட்டும், நாட்டுக்குள் வந்ததற்கான பதிவான ஐ-94ம் காட்ட வேண்டியிருக்கும். போகும் முன் ஐ-94ஐ இணையத்தில் இறக்கி, பெயர் விசாவில் உள்ளபடியே இருக்கிறதா என்று பாருங்கள். தவறு இருந்தால் திருத்துவது எல்லைப் பாதுகாப்புத் துறையின் வேலை, ஐடி அலுவலகம் அதில் கை வைக்காது. சோசியல் செக்யூரிட்டி எண் பெறத் தகுதியில்லாதவர்கள் சோசியல் செக்யூரிட்டி அலுவலகத்துக்குப் போய் மறுப்புக் கடிதம் வாங்கிவர வேண்டியிருக்கும். எல்-676 என்று கேட்டால் கொடுப்பார்கள். அட்டையின் ஆயுளும் தங்கும் அனுமதி முடியும் நாளோடு முடிந்துவிடும்.

அம்மாவின் பெயரைச் சரிசெய்ய இப்போதே பாஸ்போர்ட்டில் அப்பா பெயரைச் சேர்க்கலாமா என்று என் தம்பி கேட்டான். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். இப்போது மாற்றினால் கிரீன் கார்டோடு ஒத்துப்போகாமல் இன்னொரு சுற்று ஆரம்பிக்கும். இன்னும் விசாவுக்கே விண்ணப்பிக்காத பெற்றோர் வைத்திருப்பவர்கள் வேண்டுமானால் முதலில் அதைச் செய்யுங்கள்: பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் இடத்தை நிரப்பிவிட்டு, பிறகு விண்ணப்பம். எங்களுக்கு இனி அடுத்த வேலை தீபாவளிக்கு அண்ணன் வீட்டுக்கு டிக்கெட் போடுவது. முதற்பெயர் எஃப்என்யூ, குடும்பப் பெயர் கோமதி, அட்டையில் உள்ளது உள்ளபடியே. அதையும் நானே போடுகிறேன், அண்ணனிடம் விடுவதாக இல்லை.