கண்ணைப் பாத்துட்டுப் பேசுங்க

மூணு நாளா வாஷ் பேசின்ல தண்ணி இறங்கல. பல் விளக்கிட்டுத் துப்பினா அது குளம் மாதிரி நின்னு நம்மளயே திரும்பிப் பாக்குது. எங்க வீட்ல இதுக்கு யார் மேல பழி விழுந்திருக்கும்னு உங்களுக்குச் சொல்லணுமா என்ன. "பன்னெண்டு வருஷமா குழாய் குழாய்னு படிக்கறவ வீட்டுக்குள்ளயே இருக்கா, குழாய் அடைச்சுக்கிட்டு நிக்குது"ன்னு அம்மா போன்ல பெரிய மாமாகிட்ட சொல்லிட்டு இருந்தாங்க. பக்கத்து ரூம்ல இருக்கற எனக்குக் கேக்கணும்னே கொஞ்சம் சத்தமா.

இந்தக் குழாய்ப் பட்டம் நானே வாங்கிக்கிட்டதுதான். ஆரம்பத்துல என்ன வேலை பாக்கறன்னு யார் கேட்டாலும் பழ ஈய வச்சு ஆராய்ச்சின்னுதான் சொல்லிட்டு இருந்தேன். மாமா ஒரு நாள் சாவகாசமா உக்காந்து, "வியாபாரம் படுத்துப் போன கடைக்காரனும் அதத்தானே பண்றான், அவனுக்கு மட்டும் ஏன் ஸ்காலர்ஷிப் இல்ல"ன்னு கேட்டாரு. அன்னிக்கு வீடே சிரிச்சுது, எங்க வீட்டுக்காரரும் சேர்ந்துதான் சிரிச்சாரு, அத நான் இன்னும் மறக்கல. அதுக்கப்புறம் மானத்தக் காப்பாத்திக்க நான் பேச்ச மாத்திக்கிட்டேன். நம்ம உடம்புல நுரையீரல், கிட்னி, ரத்தக் குழாய், எச்சில் சுரப்பின்னு எத எடுத்தாலும் உள்ள குழாய்தான், கருவுல அதுல சிலது மொதல்ல தட்டையா ஒரு விரிப்பு மாதிரி இருக்கற செல்லுங்கதான், அந்தத் தட்டை எப்படிக் குழாயாகுதுன்னு ஈயோட முட்டைக்குள்ள பாக்கறேன்னு மூச்சு விடாம சொல்லி முடிச்சேன். அம்மாவுக்கு அதுல நின்னது ஒரே ஒரு வார்த்தை. அடுத்த வாரமே மாடி வீட்டுக்காரங்க வந்து, "டேப்புல வாஷர் போயிடுச்சாம், நீ பாப்பியாமே"ன்னு நிக்கறாங்க.

அதுல கன்னி ஈ விவகாரம் வேற. ஈயில எந்த அப்பாவுக்கு எந்தக் குழந்தைன்னு நமக்குத் தெரிஞ்சாகணும்னா, பொண்ணு ஈய அது யார் கூடவும் சேரறதுக்கு முன்னாடி பிரிச்சு வைக்கணும். கூட்டை விட்டு வந்ததுலருந்து, 25 டிகிரியில, சுமார் எட்டு மணி நேரம் அது ஆம்பளைய ஏறெடுத்துப் பாக்காது. அதுக்குள்ள போய்ப் பொறுக்கிடணும். அதனால காலைல ஒரு தடவ, சாயங்காலம் ஒரு தடவ, ஞாயித்துக்கிழமையும் லேப்புக்கு ஓடணும். சொந்தக்காரங்க விசேஷத்துல பாதியில எந்திரிச்சு, "கன்னி பொறுக்கப் போகணும்"னு நான் வாய் தவறிச் சொன்ன கதை உங்களுக்கெல்லாம் தெரியும், அத விட்டுடுவோம். அம்மாவுக்கு அதுலருந்து ஈங்க பக்கம் ஒரு பரிதாபம். "அதுங்களயாவது நிம்மதியா விடுங்கடி"ம்பாங்க.

ஆனா வீட்டுக்குள்ள ஒரு ஈ பறந்தா அந்தப் பரிதாபம் போன எடம் தெரியாது. வாழைப்பழத்துமேல ரெண்டு ஈ உக்காந்தா போதும், "உன் ஆளுங்க வந்திருக்காங்க"ன்னு குரல் வரும். நான் இதுக்காக எத்தன தடவ வாதாடியிருக்கேன்! எங்க ஈயெல்லாம் சின்னக் குப்பிக்குள்ள பஞ்சு அடைச்சு வச்சிருக்கு, பழத்துல வர்றது பழத்தோடயே வர்றது, நான் கொண்டு வரல. ஆதாரமும் குடுத்தேன். ஊர் ஈக்குக் கண்ணு செங்கல் சிவப்பு. 1910ல மோர்கன்னு ஒருத்தர் தன்னோட பாட்டில்ல வெள்ளக் கண்ணோட ஒரு ஆண் ஈயப் பாத்தாரு, அங்க ஆரம்பிச்ச வேலைக்கு 1933ல நோபல் பரிசே வந்துச்சு. அந்த மாதிரி வெள்ளக்கண் வம்சம்தான் இன்னிக்கும் லேப்புங்கள்ல ஓடுது. நாங்க ஒரு ஜீன உள்ள விட்டா, அது ஏறிடுச்சுன்னு அடையாளத்துக்குக் கண்ணுக்குக் கொஞ்சம் நிறம் திரும்பி வர்ற மாதிரி வச்சிருப்போம். என் ஈங்களுக்கு அப்படித்தான் ஆரஞ்சுக் கண்ணு. செங்கண்ணு இருந்தா ஊர் ஈ, ஆரஞ்சு இருந்தா என் ஈ, மொதல்ல கண்ணைப் பாத்துட்டு அப்புறம் பேசுங்கன்னு சொல்லி, சின்னவன் ஸ்கூல் ப்ராஜெக்ட்டுக்கு வாங்கின லென்ஸையும் கைல குடுத்து, ஒரு கோர்ட்டே நடத்தியிருக்கேன். ஜெயிச்சும் இருக்கேன். எல்லாமே செங்கண்ணு. ஒரு வருஷமா என்னய யாரும் கேக்கறதில்ல.

சரி, பேசினுக்கு வருவோம். பிளம்பர் அண்ணன் வந்தாரு. நான் டைனிங் டேபிள்ல லேப்டாப்ப விரிச்சு வச்சு, முந்தின ராத்திரி எடுத்த வீடியோவ முப்பதாவது தடவயா ஓட்டிட்டு இருந்தேன். அரை மில்லிமீட்டர் நீளமுள்ள முட்டை, அதுக்குள்ள எச்சில் சுரப்பி ஆகப் போற ஒரு வட்டம், ஒரு பக்கத்துக்கு சுமாரா 100 செல்லு. செல்லோட ஓரமெல்லாம் பச்சையா மின்னும், பாக்க வலை மாதிரி இருக்கும். ஒவ்வொரு செல்லும் தன்னோட மேல் பக்கத்த சுருக்குப் பை கயித்த இழுக்கற மாதிரி இழுத்துக்கும், மேல சிறுத்து கீழ பெருத்து ஆப்பு மாதிரி ஆயிடும், பக்கத்துல பக்கத்துல ஆப்பு அடுக்கினா விரிப்பு வளைஞ்சுதானே ஆகணும், வளைஞ்சு உள்ள இறங்கும். அண்ணன் ஸ்பேனரக் கைல வச்சுக்கிட்டே பின்னாடி நின்னு பாத்துட்டு இருந்திருக்காரு.

"இதென்னம்மா, தகடு மடிக்கறாங்களா?"

செல்லுண்ணே, ஈ முட்டைக்குள்ளன்னு சொன்னேன்.

"எல்லாம் ஒண்ணா இழுத்தா குழாய் வராதே, தட்டுதானே வரும்?"

நான் நாற்காலிய திருப்பிட்டேன். பின்ன என்னங்க, என் தீசிஸ்ல நாலாவது சாப்டர் இந்த ஒரு வரிதான். அங்க எல்லாம் ஒண்ணா இழுக்காது, பின்பக்கத்து ஒரு மூலைதான் மொதல்ல குழியும், மத்ததெல்லாம் வரிசைல நின்னு ஒண்ணு பின்னாடி ஒண்ணா அந்தக் குழிக்குள்ள போகும், அதனாலதான் ஒடுக்கமா குழாய் கிடைக்குது. வரிசை குழம்பிப் போன மியூட்டன்ட், அதாவது ஜீன் கெட்டுப் போன ஈ, இருக்கு, அதுல நடுவுல அகலமா ஒரு சட்டி விழும். அந்த சட்டியக் காமிச்சேன். "கத்துக்குட்டி கைல குடுத்த மாதிரி இருக்கு"ன்னாரு. போன வருஷம் என் பேப்பரப் படிச்சுட்டு பேர் சொல்லாம கருத்து எழுதின ஆள் ஒருத்தர் இதயே ரெண்டு பக்கத்துக்கு எழுதி ஆறு மாசம் இழுத்தடிச்சாரு.

அப்புறம் பேசின் போச்சு, அடைப்பு போச்சு, நான் மூச்சுக் குழாய் படத்தையும் எடுத்து விரிச்சுட்டேன். அண்ணனும் ஸ்டூல இழுத்துப் போட்டு உக்காந்துட்டாரு. ஈ முட்டைக்குள்ள வளர்ற புழுவோட மூச்சுக் குழாய் பக்கத்துக்குப் பத்து எடத்துல தனித்தனியா உள்ள மடியும், ஒவ்வொண்ணுலயும் 80 செல்லு போல, அதுக்கு மேல ஒரு செல்லு கூட புதுசா பிறக்காது, இருக்கறதுங்களே நகந்து, நீண்டு, தோள் மாத்தி மாத்தி மொத்த லைனையும் போட்டாகணும். "ஆள் கூட்டாமயே வேலைய முடிக்கணும், நம்ம கான்ட்ராக்டர் மாதிரி"ன்னு அவர் பாட்டுக்குத் தலையாட்டினாரு.

"ஜாயின்ட் எங்கம்மா வரும்?"

பெரிய லைன்ல பல செல்லு சுத்தி நின்னு குழாயாகும்ணே, அதுல செல்லுக்கும் செல்லுக்கும் நடுவுல தையல் வரும். சின்ன லைன்ல ஒரே செல்லு தன்னயே சுருட்டிக்கிட்டு தன் ஓரத்தத் தன் ஓரத்தோடயே ஒட்டிக்கும். கடைசி நுனில இருக்கே, அதுல தையலே கிடையாது, ஒரே செல்லு, அதுக்குள்ளயே ஓட்டை.

"சீம்லெஸ்ஸு"ன்னாரு அண்ணன், சட்டுனு.

எங்க ஃபீல்டுலயும் அதே பேர்தாங்க. சொன்னா நம்ப மாட்டீங்க, எனக்குக் கை தட்டணும் போல இருந்துச்சு. ரெண்டு பக்கத்து லைன் சேர்ற எடத்துல ஸ்பெஷலா ரெண்டு செல்லு நின்னு கை கோத்துக்கும், அப்புறம் நடுவுல ஓட்டை விழுந்து வளையமா ஆயிடும்னேன், "கப்ளிங்"ன்னாரு. லீக் இருக்கான்னு பாக்க நாங்க வெளிய சாயத்த ஏத்தி அது குழாய்க்குள்ள கசியுதான்னு பாப்போம்னேன், எங்க ஆளுங்களும் சாயப்பொடி கலப்பாங்கன்னாரு. லீக் ஆகற மியூட்டன்ட் பலதுல குழாய் தேவைக்கு மேல நீண்டு பாம்பு மாதிரி நெளியும்ணேன்னதுக்குத்தான் கொஞ்சம் யோசிச்சாரு. "ரெண்டுக்கும் என்னம்மா சம்பந்தம்"னாரு. கசியாம அடைக்கற அந்த மூட்டுதான் குழாயோட உள்பூச்சு சரியா விழறதுக்கும் வேணும், பூச்சு சரியில்லன்னா நீளம் கட்டுக்குள்ள நிக்காதுன்னு சொன்னேன். மொகத்தப் பாத்தா முழுசா ஒத்துக்கிட்ட மாதிரி தெரியல. எனக்கே அதுல கொஞ்சம் பாக்கி இருக்கு.

"லைன் போட்டு முடிச்சதும் தண்ணி விட்டு டெஸ்ட் பண்ணுவீங்களா?"

தலைகீழ்ணே. போடும்போதே உள்ள தண்ணிதான் இருக்கும். புழு முட்டைய விட்டு வெளிய வர்றதுக்குக் கொஞ்சம் முன்னாடி அந்தத் தண்ணிய எல்லாம் உறிஞ்சி எடுத்துட்டு, சில நிமிஷத்துக்குள்ள மொத்த லைன்லயும் காத்து ஏறிடும். மைக்ரோஸ்கோப்புல அது நடக்கறப்போ அதுவரைக்கும் கண்ணுக்கே தெரியாம இருந்த குழாயெல்லாம் திடீர்னு கருப்பா பளிச்சுனு கோடு போட்ட மாதிரி எந்திரிக்கும். நான் எத்தன தடவ பாத்திருப்பேன், இன்னும் அந்த நேரத்துல பக்கத்துல யார் பேசினாலும் கை காட்டி நிறுத்திடுவேன். அண்ணன் எதுவும் பேசல. வீடியோ முடிஞ்சதும் திரும்பப் போடச் சொன்னாரு.

அப்பத்தான் அம்மா வந்தாங்க. "ஏம்ப்பா, நீயும் இவகூட உக்காந்துட்டியா?"

வேலை பத்து நிமிஷம் கூட ஆகல. பேசினுக்கு அடில பாட்டில் ட்ராப்பக் கழட்டி பக்கெட்டுல கவுத்தாரு. முடி, சோப்பு வழவழப்பு, கருப்பா ஏதோ ஒரு கூழ், அதுக்கு நடுவுல நெட்டுக்குத்தா மாட்டிக்கிட்டு ஒரு பிரஷ்ஷு. பெயின்ட் பிரஷ்ஷு. ரொம்ப சன்னமானது, ஈய மயக்கிப் போட்டு தள்ளிப் பிரிக்கறோமே, அது. கொண்டையில குத்திக்கிட்டு வீடு வரைக்கும் வந்துடறது என் பழக்கம், மூஞ்சி கழுவக் குனிஞ்சப்போ விழுந்திருக்கணும், சல்லடை மூடிதான் உடைஞ்சு போய் நாளாச்சே. இந்த பிரஷ்ஷுக்காகத்தாங்க நான் ரெண்டு மாசம் முன்னாடி லேப்ல நோட்டீஸ் ஒட்டினேன். "எடுத்தவர்கள் மரியாதையாக எடுத்த இடத்தில் வைக்கவும்." புதுசா சேந்த பையன் பாவம், அவன்தான்னு நினைச்சு நான் ஒரு வாரம் அவனோட பேசல.

"உங்க பிரஷ்ஷு முடியப் புடிச்சிருக்கு, முடி அழுக்கப் புடிச்சிருக்கு"ன்னு அண்ணன் தீர்ப்பு சொன்னாரு. அம்மா ஒண்ணும் சொல்லல. சொல்லாம நின்னாங்களே, அதுதான் தாங்கல.

அண்ணன் டார்ச் அடிச்சு பைப் வாய்க்குள்ள பாத்துட்டு இருந்தாரு. "ஈ இருக்கும்மா உள்ள." நான் உடனே வக்கீல் ஆயிட்டேன். அது டிரெயினேஜ் ஈண்ணே, ரெக்கையில ரோமமா அந்துப்பூச்சி மாதிரி இருக்கும், பழ ஈ வேற, அம்மா நீங்களும் பாத்துக்கோங்க, சும்மா சும்மா என்னயச் சொல்லாதீங்கன்னு பேசிக்கிட்டே ஒரு டம்ளரக் கவுத்து அதப் புடிச்சேன். சின்னவன் லென்ஸ எடுத்துட்டு வந்து நீட்டினான். பழக்கம் வேற ஆயிடுச்சே.

ரெக்கையில ரோமம் இல்ல. பொண்ணு ஈ. கண்ணு ஆரஞ்சு.

சரி, என் கொண்டையிலயோ சட்டைக் காலர்லயோ வந்தது, ஒண்ணே ஒண்ணுதானேன்னு மனசத் தேத்திக்கிட்டேன். ஆனா பன்னெண்டு வருஷமா கன்னி பொறுக்கின கண்ணு சும்மா இருக்குமா. உடம்பு வெளுத்து, ரெக்கை இன்னும் சரியா விரியாம, வயித்துல அந்தக் கரும்புள்ளி. பொறந்து ரெண்டு மூணு மணி நேரம் கூட இருக்காது. அதாவது இது லேப்லருந்து வரல. இங்கயே பொறந்திருக்கு, இந்த பேசினுக்கு அடில, என் பிரஷ்ஷு சேத்து வச்ச அந்தக் கூழுல. அதோட அப்பனோ ஆத்தாளோ ஊர் ஈயா இருந்தா பொண்ணுக்கு செங்கண்ணுதான் வந்திருக்கும். ஆரஞ்சுன்னா ரெண்டு பக்கமும் என் வம்சம். பத்து நாளைக்கு ஒரு தலைமுறை, ரெண்டு மாசம்னா கணக்குப் போட்டுப் பாத்தேன், எள்ளுப் பேத்தியையும் தாண்டிப் போகுது.

அண்ணன் ட்ராப்ப மாட்டிட்டு தண்ணியத் திறந்து விட்டாரு. சர்ருனு இறங்குச்சு.

"என்னடி, கண்ணைப் பாத்தியா? உன் ஈயா?"ன்னாங்க அம்மா.

"இல்லம்மா, நம்ம வீட்டு ஈ"ன்னேன்.