கைதைக்காட்டுக்குள் கிடந்த கல்

கன்னியாகுமரி மாவட்டம் விளவங்கோடு தாலுகாவில் சானலுக்கு, அதாவது பாசனக் கால்வாய்க்கு, குறுக்கே ஒரு பாலம். இரண்டு தூண் எழும்பி நின்ற நேரத்தில்தான் அந்த அம்மை என் வக்கீல் அலுவலகத்துக்கு வந்தார். பிளாஸ்டிக் கவரைப் பிரித்து மலையாளத்தில் எழுதிய பிரமாணம் (நிலப் பத்திரம்) ஒன்றை மேசைமேல் வைத்தார். மடிப்பெல்லாம் கிழிந்து, பசை வைத்து ஒட்டியிருந்தது. ஆண்டு 1098. அது மலையாளக் கொல்லம் ஆண்டு; அதோடு 825 கூட்டினால் 1923.

"பாலம் வரட்டும் மக்கா. எனக்க வஸ்துவ பொறம்போக்குண்ணு மட்டும் சொல்லப்பிடாது" என்றார். வஸ்து என்றால் நிலம்.

அவர் கேட்டது அவ்வளவுதான். நான் செய்தது வேறு. அரசுமீது வழக்குப் போடுமுன் இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அவசரம் என்று காட்டி, உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 80(2)-இல் நோட்டீஸ் இல்லாமலே வழக்குப் போட அனுமதி வாங்கி, நேரே தடையாணை பெற்றேன். அன்று அது பெரிய வெற்றியாகத் தெரிந்தது. இரண்டு மழைக்காலம் கம்பிகள் துருப்பிடித்து நின்றன. பள்ளிப் பிள்ளைகள் சுற்றிப் போனார்கள். ஊர்க்காரர்கள் அந்த அம்மையிடம் பேசுவதை நிறுத்தினார்கள். அந்தப் பழி என் அவசரத்தால் வந்தது. சாலை, பாலம் போன்ற வேலைகளுக்குத் தடை கொடுக்கக்கூடாது என்று 2018-இல் 'குறித்த பரிகாரச் சட்ட'த்தை (Specific Relief Act) திருத்தினார்கள். சரியான திருத்தம் என்றே நினைக்கிறேன். ஆனால் தடையை எடுத்துவிட்டால், இழப்பீடாவது காலத்தோடு கைக்கு வர வேண்டும்.

வழக்கைத் திருப்பியது வாதமல்ல, ஒரு கல். 1956 நவம்பர் 1-ஆம் தேதிதான் இந்த மாவட்டம் திருவிதாங்கூர்-கொச்சியிலிருந்து பிரிந்து தமிழ்நாட்டோடு சேர்ந்தது. அதற்கு முந்தைய ஆவணத்தில் ஒரு சர்வே எண், பின்னால் நடந்த ரீசர்வேயில், அதாவது மறு நில அளவையில், வேறொன்று. இந்த மாற்றத்தில் அவருடைய ஆறு சென்ட் சானல் கரையோடு போயிருந்தது. பிரமாணத்தில் கிழக்கு எல்லை 'சானல் கரை' என்று தெளிவாக இருக்கிறது. அப்படியானால் கரைக்கு இப்புறம் இருப்பது அவருடையது. அளவும் எல்லையும் முரண்பட்டால் எல்லையைப் பார் என்பது பழைய சட்ட விதி. ஆனால் அந்தக் கரை 1923-இல் எங்கே இருந்தது?

கோர்ட்டு நியமித்த வக்கீல் கமிஷனரும் தாலுகா சர்வேயரும் மூன்று எல்லைகள் சந்திக்கும் முச்சந்திக் கல்லிலிருந்து சங்கிலி பிடித்து வந்தார்கள். அளவு ஒரு கைதைக்காட்டுக்குள், அதாவது தாழம்புதருக்குள், போய் நின்றது. வெட்டுக்கத்தியால் முள் ஓலைகளை விலக்கி, வேரைச் சுரண்டினால், பாசி படிந்த ஒரு கருங்கல். தலையில் உளியால் வெட்டிய அம்புக்குறி. சர்வேயர் அதை விரலால் இரண்டு முறை தடவிப் பார்த்தார். "பழைய கல்லுதான் சார்" என்றார். பழைய கரையின் எல்லை அங்கேதான் இருந்தது. எதிர்த்தரப்பு வக்கீலும் குனிந்து பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை.

ரீசர்வே பதிவு யாருக்கும் உரிமையைக் கொடுக்காது, பறிக்கவும் செய்யாது என்று தீர்ப்பு வந்தது. துறை மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. 2013-ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டப்படி நிலத்தை முறையாக எடுத்து, சந்தை மதிப்போடு அதே அளவு ஆறுதல் தொகையும் சேர்த்துக் கணக்கிட்டார்கள். உடனே அந்த அம்மையின் கணவரின் அண்ணன் பிள்ளைகள் பங்கு கேட்டு வந்தார்கள். பணம் கையில் வராமல் டெபாசிட்டுக்குப் போனது. பொதுவேலை வழக்குகளில் பெரும்பாலும் நான் பார்ப்பது இதைத்தான்: அரசோடு சண்டை முடிந்த பிறகு வீட்டுச் சண்டை தொடங்கும். இதை நான் இழுக்கவில்லை. அவர்கள் வீட்டுத் திண்ணையில் மூன்று சாயங்காலம் உட்கார்ந்து பேசி, ஒரு பங்கை விட்டுக்கொடுத்து ராசி மனு (சமரச மனு) போட்டோம்.

செக் வாங்கிய அன்று அவர் தொகையைப் பார்க்கவில்லை. "பிரமாணத்த எப்பத் தருவாவ?" என்றுதான் கேட்டார். அது சான்றாவணமாகக் குறியிடப்பட்டு வழக்குக் கோப்பில் இருந்தது. திருப்பித் தரக்கோரி மனு எழுதினேன். கோர்ட்டு முத்திரையோடு அது கைக்கு வந்தபோது, அவருக்கு மலையாளம் வாசிக்கத் தெரியாததால், நான்கு எல்லைகளையும் சத்தமாக வாசிக்கச் சொன்னார். வராந்தாவில் நின்று வாசித்தேன்.