பொத்தான் கடைக்காரன் நடந்த தெரு

ஸ்லோவாக்கியாவுக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் பிராட்டிஸ்லாவாவைச் சுற்றிவிட்டு, டாட்ரா மலையில் நாலு படம் எடுத்துக்கொண்டு திரும்பிவிடுவார்கள். நான் கிழக்கே பிரெஷோவ் வரை போய், அங்கிருந்து உள்ளூர் ரயிலில் சபினோவ் என்ற சின்ன ஊரில் இறங்கினேன். காரணம் யோசெஃப் க்ரோனர் என்ற நடிகர்.

அவர் நடித்து 1965-ல் வந்த 'பிரதான வீதியில் ஒரு கடை' படத்தின் தெருக்காட்சிகளை இங்கேதான் எடுத்தார்கள். யான் காடாரும் எல்மார் க்லோஸும் சேர்ந்து இயக்கிய படம். செக்கோஸ்லோவாக்கியாவுக்கு முதல் ஆஸ்கரை வாங்கித் தந்தது. சதுக்கம் நீளவாக்கில் கிடக்கிறது, நடுவில் பழைய தேவாலயம், இரண்டு பக்கமும் தாழ்வான வீடுகள். படத்தில் இதே சதுக்கத்தில்தான் ஆட்சியாளர்கள் மரத்தால் ஒரு கோபுரம் எழுப்புவார்கள். ஊரே அதை வேடிக்கை பார்க்கும். இப்போது கார்கள் நிற்கின்றன, ஐஸ்கிரீம் விற்கிறார்கள்.

கதை நடப்பது 1942-ல். க்ரோனர் நடித்த டோனோ பிர்ட்கோ ஒரு தச்சன். பெரிய கெட்டவன் இல்லை, பெரிய நல்லவனும் இல்லை. ஹிட்லரோடு கூட்டுச் சேர்ந்த ஸ்லோவாக் அரசு யூதர்களின் கடைகளைப் பறித்து மற்றவர்களுக்குக் கொடுக்கும் காலம். அவனுக்கும் ஒரு பொத்தான் கடை கிடைக்கிறது. உள்ளே போனால் சரக்கே இல்லை, வெறும் பெட்டிகள்! கடைக்காரப் பாட்டிக்குக் காது சரியாகக் கேட்காது. வந்தவன் உதவிக்கு வந்த வேலையாள் என்று நினைத்துக்கொள்கிறாள். இறந்துபோன கணவரின் கோட்டையும் தொப்பியையும் அவனுக்குக் கொடுக்கிறாள். க்ரோனர் அவற்றைப் போட்டுக்கொண்டு வெளியே வரும்போது அசல் சாப்ளின். சிரிப்பு வருகிறது. இன்னும் ஒரு மணி நேரத்தில் அதே மனிதனைப் பார்க்க நமக்குத் தாங்காது என்று அப்போது தெரியாது.

க்ரோனரின் முகம் கதாநாயக முகம் இல்லை. கூட்டத்தில் நின்றால் தேட வேண்டியிருக்கும். கடைசிக் காட்சிகளில் வெளியே, நாடு கடத்தப்போகும் யூதர்களின் பெயர்களை ஒலிபெருக்கியில் வாசிக்கிறார்கள். உள்ளே டோனோ குடித்துக்கொண்டே, பாட்டியை ஒளித்து வைப்பதா வெளியே அனுப்பிவிடுவதா என்று தவிக்கிறான். கெஞ்சுகிறான், அதட்டுகிறான், அழுகிறான். எல்லாம் ஒரே மூச்சில். கோழை ஒருவனை இவ்வளவு நேர்மையாக நடித்து நான் பார்த்ததில்லை. பாட்டியாக வந்த போலந்து நடிகை இடா கமின்ஸ்காவை ஆஸ்கருக்குப் பரிந்துரைத்தார்கள். கான் திரைப்பட விழாவில் இருவருக்குமே சிறப்புப் பாராட்டு கிடைத்தது.

அப்புறம் நாட்டின் மறுகோடிக்கு ரயில். ஜிலினா, சாட்சா, அங்கிருந்து மலைப்பக்கம் போகும் கிளைப்பாதையில் ஸ்டாஷ்கோவ். க்ரோனர் 1924-ல் பிறந்த ஊர். அவர் நினைவாக இங்கே ஒரு பழைய ரயில் பெட்டியை நினைவு அறையாக்கி வைத்திருக்கிறார்கள். மாளிகை கட்டாமல் இப்படிச் செய்தது எனக்கு ரொம்பப் பிடித்தது. மனிதர் 1948-ல் மார்ட்டின் நகர நாடக மேடையில் தொடங்கி, 1956-ல் பிராட்டிஸ்லாவாவின் தேசிய நாடக அரங்குக்குப் போனவர். நேரம் கிடைத்தால் தூண்டிலோடு ஆற்றங்கரையில் உட்கார்ந்துவிடுவார். 1998 மார்ச்சில், 74 வயது நிறைய எட்டு நாள் இருக்கையில் இறந்தார்.

வெளியுலகுக்கு அவர் ஒரே படத்தின் நடிகர். உள்ளூரில் அப்படி இல்லை. அங்கே அவர் 'பாஹோ' படத்தின் கோமாளிக் கொள்ளைக்காரன். ஸ்லோவாக் மக்கள் கும்பிடும் கொள்ளைக்கார நாயகன் யானோஷிக்கின் கதையையே கிண்டலடித்த படம் அது. இயக்குநர் யாகுபிஸ்கோவின் 'ஆயிரம் ஆண்டுத் தேனீ'யில் குடும்பத் தலைவர் மார்ட்டின் பிஹாண்டாவும் அவர்தான். முதலில் 'பாஹோ'வைப் பாருங்கள், பிறகு 'பிரதான வீதியில் ஒரு கடை'க்குப் போங்கள். சிரிக்க வைத்தே பழகியவரை ஏன் டோனோவாகப் போட்டார்கள் என்பது அந்த வரிசையில் பார்த்தால்தான் புரியும்.

மகள் ஸுஸானா க்ரோனரோவாவும் நடிகை. 2017-ல் 'பனிப்பாட்டி' என்ற செக் படத்தில் உறைகுளிர் ஆற்றில் குளிக்கக் கிளம்பும் விதவையாக வந்தார். அடுத்து அதைத்தான் பார்க்கப் போகிறேன்.