இனிக்கிறது என்றேன்

நாடகத்தில் நடிப்பவர் பொய் சொன்னால் அது அவர் ஏற்ற வேடத்தின் பொய். எனக்கு அந்த மறைப்பு இருந்ததில்லை. பதினெட்டு ஆண்டுகளாக ஊர் ஊராகப் போய், என் பெயரிலேயே, நான் பேசுகிறபடியே தொலைக்காட்சியில் தோன்றிவருகிறேன்.

தருமபுரிப் பக்கத்து ஊர்களுக்குக் காவிரி நீரைக் கொண்டுவந்த ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் 2013இல் தொடங்கிவைக்கப்பட்டது. அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன், பென்னாகரம் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் எங்கள் படப்பிடிப்பு. அடிபம்புத் தண்ணீரைச் சொம்பில் கொண்டுவந்த அம்மாவின் பற்களில் பழுப்புக் கறை.

"நீங்க டிவியில சொன்னா கேப்பாங்க சார். இந்தத் தண்ணியாலதான் புள்ளைங்க பல்லு இப்படி ஆகுதுன்னு ஒரு வார்த்தை சொல்லுங்க."

சென்னையிலிருந்து வந்திருந்த இயக்குநர், "அண்ணே, குடிச்சிட்டு இனிக்குதுன்னு மட்டும் சொல்லிடுங்க, வெளிச்சம் போகுது" என்றார். குடித்தேன். கேமராவைப் பார்த்து, இனிக்கிறது என்றேன்.

"இனிக்கத்தான் செய்யுமுங்க" என்று சொம்பை வாங்கிக்கொண்டார் அந்த அம்மா. அந்தக் குரலில் கோபம் இருந்ததா என்று இன்னும் தேடிக்கொண்டிருக்கிறேன். இருந்திருந்தால் பதிலாக ஏதேனும் சொல்லியிருப்பேன்.

நான் சொன்னது பொய்யல்ல. பல்லில் கறை படியவைக்கும், குடிநீரில் கலந்திருக்கும் ஃபுளோரைடுக்கு ருசி கிடையாது, லிட்டருக்கு 1.5 மில்லிகிராம் என்ற வரம்பைத் தாண்டிவிட்டதா என்பது நாக்குக்குத் தெரியாது. விருந்தோம்பலைக் காட்டும் நிகழ்ச்சியில் நோயைப் பேசியிருந்தால் அது வெட்டப்பட்டிருக்கும் என்பதும் உண்மையே. ஆனால் வெட்டுவது அவர்கள் வேலை. சொல்லாமல் விட்டது நான். இயக்குநருக்கு அந்தக் கறையின் காரணம் தெரியாது. எனக்குத் தெரியும். தருமபுரியில் பிறந்தாலும், சேலத்தில் பாட்டி வீட்டில் மேட்டூர்த் தண்ணீர் குடித்து வளர்ந்ததால்தான் என்னால் கேமரா முன் வாய்விட்டுச் சிரிக்க முடிகிறது. ஊரிலேயே வளர்ந்த என் அக்கா இன்றும் முந்தானையால் வாயை மூடிக்கொண்டுதான் சிரிக்கிறார்.

ஒரு வாரம் ஓடி மறந்துபோகும் நிகழ்ச்சி, என் ஒரு சொல்லால் யார் அந்தத் தண்ணீரைக் கூடுதலாகக் குடித்திருக்கப்போகிறார்கள் என்று பல இரவுகள் எனக்கு நானே சொல்லிக்கொண்டதுண்டு. அப்படியானால் என் சொல்லுக்கு மதிப்பில்லை என்றாகிறது. அந்த அம்மாவோ மதிப்பு உண்டென்று நம்பித்தான் என்னிடம் கேட்டார்.

நிகழ்ச்சி மறு ஒளிபரப்பானபோது அக்கா பார்த்திருக்கிறார். தொலைபேசியில் அழைத்து, "எந்த ஊர்த் தண்ணிடா அது?" என்று மட்டும் கேட்டார். ஊர்ப்பெயர் நினைவில்லை என்றேன்.