மும்பையில் தூக்கம் வராத ஒரு ராத்திரி

மும்பைக்குப் போய் நாலு நாள் ஆகியிருந்தது. ஆபீஸ் வேலை முடிந்தால் பேச ஆளில்லை. அன்று ராத்திரி மரைன் டிரைவ் கடற்கரைச் சுவரில் பதினொன்றரை வரை உட்கார்ந்திருந்தேன். தனியாக வந்தவர்கள் நிறையப் பேர். எல்லோரும் ஆளுக்கு இரண்டு கை தள்ளி உட்கார்ந்து கடலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். சைக்கிளில் டீ விற்கும் பையன் கப்பை நீட்டினான், காசை வாங்கினான், போய்விட்டான். சாயங்காலத்துக்கு அப்புறம் நான் பேசியது அந்த ‘ஏக் சாய்’ மட்டும்தான்.

வி.டி.க்கு, அதாவது விக்டோரியா டெர்மினஸ் ஸ்டேஷனுக்கு, நடந்து போய் லோக்கல் ரயில் பிடித்தேன். 1996இலேயே பெயரை மாற்றியாயிற்று, இங்குள்ள தமிழர்கள் வாயில் இன்னும் வி.டி.தான். பக்கத்தில் இருந்தவர் பைக்கல்லா வருவதற்குள் தூங்கி என் தோளில் சாய்ந்துவிட்டார். எழுப்ப மனசு வரவில்லை. தாதரில் திடுக்கென்று விழித்து, என் முகத்தைக்கூடப் பார்க்காமல் இறங்கி ஓடினார். சயான் வரும்வரை தோளில் அந்தச் சூடு இருந்தது.

லாட்ஜில் புரண்டு புரண்டு படுத்துப் பார்த்தேன். சரிப்படவில்லை. நாலு மணிக்கு இறங்கித் தாராவிப் பக்கம் நடந்தேன். 90 அடி ரோட்டில், தெருவிளக்கடியில் ஒருவர் சைக்கிள் கேரியரில் இட்லிப் பாத்திரத்தை வைத்துக் கயிறு கட்டிக்கொண்டிருந்தார். பாத்திரம் சரிந்தது. ஓடிப்போய் மூடியைப் பிடித்தேன். உள்ளங்கை சுட்டது.

“நல்லா அமுக்குங்க, சட்னி சிந்திரும்.”

தமிழில்தான் சொன்னார். என் மூஞ்சியில் எழுதி ஒட்டியிருக்கிறதோ என்னவோ.

“எந்த ஊரு?”

“மதுரை.”

“நமக்குத் திருநெல்வேலிப் பக்கம்.”

தாராவியில் நெல்லைக்காரர்கள் அதிகம். இவர் அறையில் ஆறு பேர், ஆறு பேருக்கும் இட்லி வியாபாரம்தான். ராத்திரியே மாவாட்டி, இரண்டு மணிக்கு அடுப்பு மூட்டுகிறார்கள். “ஆளுக்கொரு ஏரியா. வித்துட்டு வந்தா படுத்துருவோம். பேச எங்க நேரம்?” என்றார், முடிச்சை இறுக்கிக்கொண்டே.

பேப்பரில் நாலு இட்லி வைத்து மேலே சட்னியை ஊற்றினார். பணம் எடுத்தபோது வேண்டாம் என்பார் என்று நினைத்தேன். உடனே வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

“நீங்கதான் போணி.”

ஏறி மிதித்தார். பாம் பாம் என்று ஹாரன் அடித்துக்கொண்டு போனார். பெயரைக் கேட்டிருக்கலாம். இந்த ஊரில் சைக்கிளில் இட்லி விற்கிற எல்லோருக்கும் ஒரே பெயர்.

எங்கோ மேல் ஜன்னலிலிருந்து ஒரு பெண் குரல்: “ஏ அண்ணா!”

அவர் பிரேக் போட்டார். நானும் திரும்பிப் பார்த்தேன்.