லூதியானாவில் ஜெயித்த மதுரை அணி

2019 பொங்கல் கழிந்து சென்னைக்குக் குடிவந்தேன். பிறந்து வளர்ந்தது யாழ்ப்பாணத்துத் தெல்லிப்பழை. கணவர் மதுரைக்காரர், அவருக்கு வேலை சென்னையில். வளசரவாக்கத்தில் இரண்டாம் மாடியில் வீடு பிடித்தோம். ‘மொழி ஒன்று, சாமிகளும் அதே சாமிகள்தான், இதிலென்ன புலம்பெயர்வு’ என்று லண்டனில் இருக்கும் என் சித்தி மகள் கேலி செய்தாள். அவளுக்கு அங்கே குளிர். எனக்கு இங்கே ஆதார்.

சிம் கார்டு வாங்கப் போனால் ஆதார். சிலிண்டருக்கு ஆதார். பிறகு எல்லாமே கணவர் பெயரில் வந்தது. வீட்டில் இருப்பது நான், கூரியர்காரர் தேடுவது அவரை. நான் வாயைத் திறந்ததும் ‘கேரளாவா?’ என்பார்கள். ஆட்டோக்காரர்களுக்கெல்லாம் பொறுமையாக விளக்கம் சொல்வேன். காய்கறி வண்டிக்காரரிடம் மட்டும் ஆமாம் என்று சொல்லிவிட்டேன். அதிலிருந்து எனக்காக நேந்திரம்பழம் எடுத்துவைக்க ஆரம்பித்துவிட்டார். இனி உண்மையைச் சொன்னால் அவர் மனம் நோகும்.

அந்த ஏப்ரல் 21 ஈஸ்டர் ஞாயிறு. கொழும்பிலும் நீர்கொழும்பிலும் மட்டக்களப்பிலும் குண்டுகள் வெடித்தன. அம்மாவுக்குத் தொலைபேசி எடுத்து எடுத்து விரல் ஓய்ந்தது. இரண்டு நாள் கழித்து வீட்டுக்காரர் மாடியேறி வந்து, ‘தப்பா எடுத்துக்காதம்மா’ என்று பாஸ்போர்ட் நகல் இன்னொன்று கேட்டார். நல்ல மனிதர். ஆனாலும் அதற்குப் பிறகு படியிறங்கும்போது சத்தம் வராமல் இறங்கினேன்.

மே மாதம் தண்ணீர் போயிற்று. பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் என்று ஏரிகள் எல்லாம் வறண்டுகொண்டிருந்தன. எங்கள் தெருவுக்கு லாரி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. வந்தால் ஓட வேண்டும். நான் சென்னையில் மனிதர்களோடு கதைக்கத் தொடங்கியது அந்தக் குடங்களின் வரிசையில்தான். அங்கே ஆதார் கேட்பவர் யாருமில்லை. குடம் இருந்தால் போதும்.

கீழ்வீட்டின் பின்போர்ஷனில் ஒரு கல்லூரிப் பெண். இரண்டு கையிலும் நிறைகுடம் இருக்க, கீழே கிடந்த காலிக் குடத்தை உள்ளங்காலின் ஓரத்தால் தட்டித் தட்டி வரிசையில் நகர்த்திக்கொண்டு வந்தாள். குடத்தை ஒருமுறைகூடக் குனிந்து பார்க்கவில்லை. அது உருளவும் இல்லை, பக்கத்துக் குடத்தில் முட்டவும் இல்லை.

“பிள்ளை, நீ ஃபுட்போல் விளையாடுறனியோ?” என்று கேட்டேன்.

“எப்பிடிக்கா கண்டுபிடிச்சீங்க?”

நான் தெல்லிப்பழை மகாஜனாவில் படித்தவள். பெண்கள் உதைபந்தாட்டம் என்றால் இலங்கை முழுக்கத் தெரிந்த பள்ளிக்கூடம் அது. நான் பெரிய ஆட்டக்காரி இல்லை, பின்வரிசையில் நின்று வருகிற பந்தை வெளியே அடிப்பவள். ஆனால் காலைப் பார்த்தால் தெரியும். அன்றைக்குத் தண்ணீர் பிடித்து முடித்த பிறகும் படிக்கட்டில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தோம். அப்போதுதான் அவள் சொன்னாள்: “அக்கா, நம்ம டீம் லூதியானாவுல ஆடிட்டிருக்கு. உங்க வீட்டுக்காரர் ஊர்தான், மதுரை. சேது எஃப்சி.”

என் கணவருக்கு அப்படி ஓர் அணி இருப்பதே தெரியாது. அத்தையைத் தொலைபேசியில் கேட்டேன். “மதுரையா? எந்தத் தெருப் பிள்ளைங்க?” என்றார்.

சேது எஃப்சி 2016இல் தொடங்கியது. இந்தியப் பெண்கள் லீக் என்று ஒன்று வரப்போகிறது என்ற பேச்சு பலமாக இருந்த சமயம் அது. முதல் லீக்கின் இறுதிச் சுற்று 2017 தொடக்கத்தில் டெல்லியில் நடந்தது. மணிப்பூரின் ஈஸ்டர்ன் ஸ்போர்ட்டிங் யூனியன் கோப்பையைக் கொண்டுபோனது. அந்த முதல் வருடம் அங்கே போன அணிகளில் ஜேப்பியார் தொழில்நுட்பக் கல்லூரி அணியும் ஒன்று. அடுத்த வருடம் ஷில்லாங்குக்கு இரண்டு தமிழ்நாட்டு அணிகள் போயின, மதுரையின் சேதுவும் கடலூரின் இந்திரா காந்தி விளையாட்டு அகாடமியும்.

இந்தக் கடலூரைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும், ஏனென்றால் தமிழ்நாட்டுப் பெண்கள் கால்பந்தின் வேர் பாதி அங்கேதான் இருக்கிறது. 2004 சுனாமியில் அந்தக் கரை அடிபட்ட கதை எங்கள் ஊர்க்காரர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. எங்கள் கிழக்குக் கரையும் முல்லைத்தீவும் அதே அலையில் போனவை. அதற்குப் பிறகு, பாதிக்கப்பட்ட வீட்டுப் பெண் பிள்ளைகளைச் சேர்த்துப் பந்தைக் கொடுத்தவர் மாரியப்பன் என்கிற உடற்கல்வி ஆசிரியர். அங்கிருந்து வந்த பிள்ளைகள் மாநில அணிக்கும், பிறகு இந்திய அணிக்கும் போனார்கள். இந்துமதி கதிரேசனும் கடலூர்க்காரர்தான். இந்தியாவுக்கு ஆடியவர், சேது சட்டையிலும் ஆடியவர், தமிழ்நாடு காவல்துறையில் சப் இன்ஸ்பெக்டர்.

அந்தக் கடைசி விஷயத்தை எங்கள் கீழ்வீட்டுப் பிள்ளை கண்ணை விரித்துக்கொண்டு சொல்வாள். அவள் வீட்டில் அவளை ஆட விட்டதற்குக் காரணமே அதுதான். பந்தடித்தால் ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் கல்லூரி சீட், அப்புறம் போலீஸில் ஒரு வேலை. அவள் அப்பாவுக்கு ஆஃப்சைடு என்றால் என்னவென்று தெரியாது, கோட்டா என்றால் நன்றாகத் தெரியும். எனக்கு அதில் குறையொன்றும் தெரியவில்லை. ஐரோப்பாவில் இருக்கிற சொந்தக்காரர்கள் ‘ஆர்வத்துக்காக விளையாடணும்’ என்று சொல்லும்போதுதான் எரிச்சல் வரும்.

2018 பிப்ரவரியில் கட்டாக்கில் தேசியப் பெண்கள் சாம்பியன்ஷிப்பைத் தமிழ்நாடு முதல் தடவையாக வென்றிருந்தது, அதுவும் மணிப்பூரை 2-1 என்று. பெண்கள் கால்பந்தில் மணிப்பூரை இறுதியாட்டத்தில் வெல்வது சின்ன விஷயமில்லை. அந்தக் கோப்பையை அவர்கள் எத்தனையோ முறை தூக்கியவர்கள். லூதியானாவிலும் சேதுவுக்கு எதிரே இறுதியாட்டத்தில் நின்றது மணிப்பூர் போலீஸ் அணி.

2019 மே 22. குருநானக் ஸ்டேடியம். சேதுவின் பயிற்சியாளர் அமிர்தா அரவிந்த் என்கிற பெண். முன்வரிசையில் நேபாளத்து சபித்ரா பண்டாரி. 3-1 என்று சேது ஜெயித்தது. தமிழ்நாட்டு அணி ஒன்று இந்தியப் பெண்கள் லீக்கை வென்றது அதுவே முதல் தடவை.

மறுநாள் மே 23. நாடாளுமன்றத் தேர்தல் வாக்கு எண்ணிக்கை! காலை எட்டு மணியிலிருந்து தெரு முழுக்க டிவிச் சத்தம், எந்தத் தொகுதியில் யார் முன்னிலை என்று. லாரி வந்தபோது கீழ்வீட்டுப் பிள்ளை ஒரு பாக்கெட் தேன்மிட்டாயோடு வந்து வரிசையில் நின்றவர்களுக்கெல்லாம் கொடுத்தாள். எல்லோரும் வாங்கிக்கொண்டு ஒரே கேள்விதான் கேட்டார்கள்: “எந்தக் கட்சிம்மா?” ஒரு பாட்டி, “உங்க ஆளு ஜெயிச்சிட்டாரா?” என்றார். அவள் ஆமாம் பாட்டி என்று சொல்லிவிட்டாள். நான் காய்கறிக்காரரை நினைத்துக்கொண்டேன்.

இவ்வளவுக்கும் மதுரையில் ஒரு ஊர்வலம் போகிற மாதிரியான வெற்றி அது. ஆனால் மதுரைக்காரர்கள் எதைப் பார்த்து ஊர்வலம் போவார்கள்? அந்த நாட்களில் லீக் நடந்த விதம் அப்படி. எல்லா அணிகளையும் ஒரே ஊருக்கு வரவழைத்து, சில வாரங்களில் ஆடி முடித்து அனுப்பிவிடுவார்கள். டெல்லி, ஷில்லாங், லூதியானா, பெங்களூர், புவனேஸ்வர், அகமதாபாத். சொந்த மைதானத்தில் ஓர் ஆட்டம்கூட ஆடாமலே ஒரு கிளப் நாட்டின் சாம்பியன் ஆகலாம். ரயிலேறிப் போகிற ஊரெல்லாம் வாடகை மைதானம், யாரோ ஊர் ஜனம். பெட்டியும் கையுமாகவே வாழ்ந்த அணி. வளசரவாக்கத்தில் பாஸ்போர்ட் நகலோடு நின்றுகொண்டிருந்த எனக்கு இந்த அணியைப் பிடித்துப்போனதில் ஆச்சரியம் என்ன இருக்கிறது?

ஜெயித்த பிறகும் போக இடமில்லை. ஆசியப் பெண்கள் கிளப் போட்டி என்று அதே 2019இல் தென்கொரியாவில் ஒன்றை முன்னோட்டமாக நடத்தினார்கள். ஜப்பான், கொரியா, சீனா, ஆஸ்திரேலியா, நான்கே நான்கு அணிகள். 2021இல் இந்தியாவுக்குக் கதவு திறந்தபோது, 2020 சாம்பியனான கோகுலம் கேரளா உள்ளே போனது. இரண்டு வருடம் முன்பிறந்ததற்கு சேதுவுக்குக் கிடைத்த தண்டனை.

பத்திரிகைகள் மீது எனக்கொரு வருத்தம் உண்டு. பெண்கள் அணி ஜெயித்தால் ‘வறுமையை வென்ற வீராங்கனைகள்’ என்று எழுதுவார்கள். அம்மா கூலி வேலை, அப்பா ஆட்டோ, வீடு ஓலைக்குடிசை, எல்லாம் வரும். எந்தப் பக்கத்திலிருந்து பந்து வந்தது, யார் எப்படி வெட்டிப் போனார், இரண்டாம் பாதியில் பயிற்சியாளர் யாரை ஏன் மாற்றினார், இது எதுவும் வராது. ஆண்கள் ஆட்டத்தைப் பற்றி எழுதும்போது அவர்கள் வீட்டுக் கூரையை யாரும் விசாரிப்பதில்லை.

அப்புறம் கொரோனா. 2020-21 லீக் நடக்கவே இல்லை. கீழ்வீட்டுக் குடும்பம் வாடகை கட்ட முடியாமல் போரூர் தாண்டிப் போய்விட்டது. எனக்கு மகள் பிறந்தாள். அடுத்த லீக் 2022இல் புவனேஸ்வரில் நடந்தது. அந்த மே மாதம் ஊரில் அம்மா காஸ் சிலிண்டருக்கு வரிசையில் நின்றுகொண்டிருந்தார். இலங்கையில் பெட்ரோல் இல்லை, மின்சாரம் இல்லை, காசுக்கு மதிப்பில்லை. இங்கே நான் பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு கைபேசியில் கோகுலம்–சேது ஆட்டம் பார்த்தேன். இரண்டு அணியும் பத்துக்குப் பத்து ஜெயித்து, பதினோராவது ஆட்டத்தில் நேருக்கு நேர். டிரா செய்தாலே கோகுலத்துக்குக் கோப்பை. சேது ஆட்டம் தொடங்கிய சூட்டோடு கோல் போட்டது. நான் போட்ட சத்தத்தில் பிள்ளை அழுதாள். ஆனால் கோகுலம் மூன்று அடித்துவிட்டது. 3-1. லூதியானாவின் அதே கணக்கு, இந்தத் தடவை பக்கம் மாறி.

கீழ்வீட்டுப் பிள்ளை அன்றிரவே போன் செய்தாள். ஒரு மணி நேரம் திட்டினாள், நடுவரை அல்ல, நடுக்களத்தை.

2023 ஜூனில் அமிர்தசரஸில் ஹரியானாவை 2-1 என்று வென்று மாநில அணி இரண்டாவது முறை தேசியப் பட்டம் எடுத்தது. அந்த வருடக் கடைசியில்தான் லீக்கும் ஒரு வழிக்கு வந்தது. ஏழு அணிகள், சொந்த ஊரில் ஒரு ஆட்டம், எதிரணி ஊரில் ஒரு ஆட்டம். ஆண்களுக்கு எப்போதோ இருந்த முறை. சேதுவும் அந்த ஏழில் ஒன்று. கோப்பை ஒடிசாவுக்குப் போனது.

கீழ்வீட்டுப் பிள்ளைக்கு போலீஸ் வேலை கிடைக்கவில்லை. புறநகரில் ஒரு தனியார் பள்ளியில் பி.டி. டீச்சராக இருக்கிறாள். 2024 கோடையில் மதுரையில் ஒரு பள்ளிப் போட்டிக்குப் பிள்ளைகளை அழைத்துப்போக வேண்டியிருந்தது. கூட இன்னொரு பெண் வந்தால்தான் அனுப்புவோம் என்று பெற்றோர்கள் சொல்லிவிட்டார்களாம். “அக்கா, உங்களை மேனேஜர்னு போட்டுட்டேன்” என்றாள். கேட்கக்கூட இல்லை. மகளைக் கணவரிடம் விட்டுவிட்டு ரயிலேறினேன்.

மதுரையில் முன்பதிவு செய்திருந்த லாட்ஜில் எல்லோரிடமும் பள்ளி அடையாள அட்டை வாங்கினார்கள். நான் பாஸ்போர்ட்டை நீட்டினேன். வரவேற்பில் இருந்தவர் அதை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார். வெளிநாட்டவர் தங்கினால் ‘ஃபார்ம் சி’ என்று ஒன்றை ஆன்லைனில் பதிய வேண்டியிருந்தது, தங்கவைக்கிற ஒவ்வொரு இடத்துக்கும் அந்தச் சட்டம் இருந்தது. அந்த லாட்ஜில் அதற்கான வசதி இல்லை. “நீங்க மட்டும் வேற எங்கயாச்சும் பாத்துக்கங்க மேடம்” என்றார் மரியாதையாகத்தான். மேனேஜர் இல்லாமல் பிள்ளைகளை விட முடியாது என்று டீச்சர் நின்றாள். பதினைந்து நிமிடப் பேச்சுவார்த்தைக்குப் பிறகு பைகளைத் தூக்கிக்கொண்டு எல்லோருமாக செல்லூரில் அத்தை வீட்டுக்குப் போனோம். அங்கே என் பெயர் மருமகள் என்று பதிவாகி வருடக்கணக்காகிறது.

அத்தை ஒன்றும் சொல்லவில்லை. மொட்டை மாடியைக் கழுவிப் பாய் விரித்தார். மறுநாள் முதல் ஆட்டத்திலேயே நான்கு கோல் வாங்கித் தோற்றுத் திரும்பி வந்தோம். கோல்கீப்பர் பிள்ளை முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள், பசி மட்டும் யாருக்கும் குறையவில்லை. ஈரமாவு தீர்ந்து, பக்கத்து வீட்டில் வாங்கி, அதுவும் தீர்ந்தது. அத்தை தோசைக்கல்லின் முன்னால் இடுப்பில் கைவைத்து நின்று என்னைப் பார்த்தார்.

“தோத்துட்டு வந்தே இம்புட்டுச் சாப்பிடுதுங்க. ஜெயிச்சிருந்தா என்னத்துக்கு ஆகுறது?”